கச்சின்கோ யார் கையில்? ஜப்பான் ஒளிப்பதிவு வேலை பற்றி வாசகர் கேள்வி – பதில்

ஜப்பானியப் படம், தொடர், அனிமே ஆகியவற்றில் ஒளிப்பதிவு வேலை எப்படி நடக்கிறது, சென்னையிலிருந்து அதற்குள் நுழைய முடியுமா என்று கேட்டு வந்த கடிதங்களில் சில இங்கே. ஒரே கேள்வியைப் பலர் கேட்டிருந்தால் ஒன்றாகச் சேர்த்துவிட்டோம்.

தரமணி திரைப்படக் கல்லூரி மாணவர்: ஜப்பானியப் பட டைட்டில்களில் ‘ஒளிப்பதிவு’ என்று ஒரு பெயரும், பக்கத்திலேயே ‘ஒளியமைப்பு’ என்று இன்னொரு பெயரும் வருகின்றன. அங்கே ஒளிப்பதிவாளர் லைட்டிங் செய்வதே இல்லையா?

செய்வதே இல்லை என்று சொல்ல முடியாது. ஆனால் நம்ம ஊரில் செய்வதுபோல் செய்வதில்லை. பழைய ஸ்டூடியோ காலத்திலிருந்தே அங்கே கேமரா ஒரு இலாகா, லைட் வேறு இலாகா. கேமரா இலாகாவுக்கு ‘சத்சுயேய்-பு’ என்று பெயர், லைட் இலாகாவுக்கு ‘ஷோமேய்-பு’. லைட் இலாகாவின் தலைவர் ‘ஷோமேய் கிஷி’. “அந்த பேபி லைட்டைக் கொஞ்சம் ஏத்துப்பா” என்று நீங்கள் சொன்னதும் ஏற்றிவிட்டுப் போகிறவர் அல்ல அவர். ஸ்கிரிப்டைப் படித்து, இயக்குநருடன் பேசி, காட்சியின் ஒளியைத் தானே யோசித்து அமைப்பவர். ஃபிரேம், லென்ஸ், கேமரா அசைவு, எக்ஸ்போஷர் எல்லாம் ஒளிப்பதிவாளர் பொறுப்பு. கிரேன், டிராலி போன்றவற்றுக்கு ‘தொக்கி-பு’ என்று மூன்றாவதாக ஒரு இலாகாவும் உண்டு.

சென்னையில் பழகியவர் முதல் நாளே தடுக்கி விழும் இடம் இதுதான். லைட் பையனை நேரே கூப்பிட்டு வேலை சொன்னால் அவன் மரியாதையாகத் தலையாட்டுவான், லைட் நகராது. கிஷியிடம் சொல்ல வேண்டும். அதிலும் “இங்கே ஒரு 1.2 கிலோவாட் லைட் வையுங்கள்” என்று கருவியைச் சொல்லக் கூடாது. “ஜன்னல் பக்கம் இன்னும் ஒரு ஸ்டாப் வேண்டும், முகத்தின் இந்தப் பக்கம் விழட்டும்” என்று பலனைச் சொல்ல வேண்டும் (ஒரு ஸ்டாப் கூடினால் ஒளி இரண்டு மடங்கு). கேமரா, லைட் இரண்டையும் ஒரே ஒளிப்பதிவாளர் ஆளும் முறையும் இப்போது அங்கே இருக்கிறது. ஒரு படத்தில் சேரும்போது எது எந்த முறை என்று முதலிலேயே கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள். கேட்பதில் தப்பே இல்லை.

கேமரா இலாகாவுக்குள் சீஃப், செகண்ட், தேர்ட் என்று வரிசை. சீஃப் கையில் லைட் மீட்டர் இருக்கும். அளப்பது, எக்ஸ்போஷர் கணக்கு, கருவிப் பட்டியல், மற்ற இலாகாக்களோடு பேசுவது எல்லாம் அவர் வேலை. ஃபோகஸ் இழுப்பது, அதாவது நடிகர் நகர்ந்தாலும் படம் தெளிவாக இருக்கும்படி லென்ஸைத் திருப்புவது, செகண்ட். லென்ஸ், பேட்டரி, கார்டு, மானிட்டர் கேபிள் தேர்டிடம். இங்கே ஃபோகஸ் புல்லராக இருப்பவர் தன்னை ‘ஃபர்ஸ்ட் அசிஸ்டென்ட்’ என்று அறிமுகம் செய்துகொண்டால் அவர்கள் சீஃப் என்று புரிந்துகொண்டு மீட்டரைக் கையில் கொடுத்துவிடுவார்கள். ஆகவே “ஃபோகஸ் பார்க்கிறவன்” என்று வேலையைச் சொல்லுங்கள், பதவியைச் சொல்லாதீர்கள்.

கிளாப் போர்டின் பெயர் ‘கச்சின்கோ’. ஹாலிவுட்டில் அது கேமரா உதவியாளர் கையில் இருக்கும். ஜப்பானில் இயக்குநரின் உதவியாளர்தான் அடிப்பார், நம்ம கோடம்பாக்கம் மாதிரியே. இந்த ஒரு விஷயத்தில் உங்களுக்கு வீட்டு நினைப்பு வரும்.

அதே மாணவர்: செட்டில் அடிக்கடி காதில் விழும் வார்த்தைகள் சிலவற்றைச் சொல்லுங்களேன்.

ஒரு ஷாட் மூன்று படியாக நடக்கும். நடிகர்கள் எங்கே நிற்பது, எங்கே நடப்பது என்று பார்ப்பது ‘தாந்தோரி’. அடுத்தது ‘டெஸ்ட்’. கடைசியில் டேக், அதாவது ‘ஹொன்பான்’. தாந்தோரி நடக்கும்போது எதையும் நகர்த்தாதீர்கள், எல்லா இலாகாவும் நின்று பார்க்கும் நேரம் அது. அது முடிந்ததும் நடிகர் நின்ற இடத்தில் தரையில் டேப் ஒட்டுவார்கள். அதற்கு ‘பாமிரி’ என்று பெயர்.

‘யோரி’ என்றால் குளோசப், ‘ஹிகி’ என்றால் வைடு. வேலை தாமதமாகிறது என்றால் தள்ளுகிறது என்பார்கள், ‘ஓஸு’. நள்ளிரவுக்கு ‘தெப்பென்’, உச்சி என்று பொருள். மேசை மேலிருக்கும் டம்ளரைக் காட்டி ‘வராவு’ என்று யாராவது கத்தினால் நேர்ப்பொருள் ‘சிரி’. செட்டில் அதற்கு ‘எடுத்துவிடு’ என்று அர்த்தம். சிரித்துக்கொண்டு நிற்காதீர்கள். உயரம் குறைவான நடிகரையோ பொருளையோ பெட்டி வைத்து உயர்த்துவது ‘செஷ்ஷூ’. ஹாலிவுட்டில் மௌனப்பட காலத்தில் நட்சத்திரமாக இருந்த ஜப்பானிய நடிகர் செஷ்ஷூ ஹயகாவாவின் பெயரிலிருந்து வந்தது.

வளசரவாக்கம், ஃபோகஸ் புல்லர்: ஆறு படம் முடித்திருக்கிறேன். ஜப்பானிய மொழி தெரியாது. செய்த வேலையின் மாதிரித் தொகுப்பான ஷோ ரீல் மட்டும் வைத்துக்கொண்டு போனால் வேலை கிடைக்குமா? ஒரு ஏஜென்சி சில லட்சம் கட்டினால் ஸ்டூடியோவில் சேர்த்துவிடுகிறோம் என்கிறது.

ஏஜென்சியை முதலில் முடித்துவிடுவோம். பணம் கட்டாதீர்கள். ஜப்பானில் சம்பளத்துக்கு வேலை செய்ய வேண்டுமானால் பொதுவாக, உங்களை அழைக்கும் தரப்பு அங்குள்ள குடிவரவு அலுவலகத்தில் ‘தகுதிச் சான்றிதழ்’ ஒன்றுக்கு விண்ணப்பிக்கும். அது கிடைத்த பிறகுதான் இங்கே விசா வேலை ஆரம்பம். சான்றிதழில் உங்களை அழைத்தவர் யார், எந்த வேலைக்கு என்பது தெரிந்துவிடும். அந்தக் காகிதத்தின் பேச்சே இல்லாமல் “டூரிஸ்ட் விசாவில் போங்கள், அங்கே மாற்றிக்கொள்ளலாம்” என்று யாராவது சொன்னால் எழுந்து வந்துவிடுங்கள். சுற்றுலா விசாவில் கூலி வேலை செய்வது சட்டவிரோதம்.

ஷோ ரீல் மட்டும் போதாது. செகண்ட் நிற்கும் இடத்தில் “அரை அடி முன்னால வர்றாங்க, ரெண்டாவது வசனத்துல திரும்புறாங்க” என்பதெல்லாம் ஜப்பானிய மொழியில், ரகசியக் குரலில், ஒரே ஒரு தடவைதான் சொல்லப்படும். புரியாதவரை வைத்துக்கொள்ள யாருக்கும் நேரமில்லை. நல்ல ரீல் உள்ள ஊமையைவிட சுமாரான ரீல் உள்ள, மொழி தெரிந்தவருக்கே முதலில் அழைப்பு போகும் என்பது எங்கள் கணிப்பு.

மொழித் தேர்வான ஜே.எல்.பி.டி.யை ஜூலையிலும் டிசம்பரிலும் சென்னையிலேயே எழுதலாம். என்5-இல் தொடங்கி என்1 வரை ஐந்து படிகள். என்4 வரை சாப்பாடு வாங்க, வழி கேட்க உதவும். செட் பேச்சு ஓரளவு பிடிபட என்3 வேண்டும். ஸ்கிரிப்டையும் அன்றைய ஷெட்யூல் தாளையும் படிக்க என்2 வேண்டும். அந்தத் தேர்வில் பேச்சு கிடையாது, படிப்பதும் கேட்பதும் மட்டுமே. அதனால் என்2 வாங்கிவிட்டு வாயைத் திறக்க முடியாமல் நிற்பவர்கள் உண்டு. பேசிப் பழக ஆள் தேடிக்கொள்ளுங்கள்.

நுழைய மூன்று வாசல்கள் உள்ளன. அங்கேயே போய்ப் படித்து நுழைவது ஒன்று. தோக்கியோ கலைப் பல்கலைக்கழகத்தின் திரைப்பட முதுகலைப் பள்ளி 2005-இல் யோக்கஹாமாவில் தொடங்கியது. இரண்டு ஆண்டுப் படிப்பு, ஒளிப்பதிவும் ஒளியமைப்பும் சேர்ந்து ஒரே பிரிவு. இயக்குநர் ஷொஹேய் இமாமுரா 1975-இல் தொடங்கிய பயிற்சிப் பள்ளி 2011-இல் ஜப்பான் திரைப்படப் பல்கலைக்கழகமாக மாறி கவாசாகியில் இருக்கிறது. இரண்டிலும் பாடம் ஜப்பானிய மொழியில்தான். ஜப்பான் அரசின் மெக்ஸ்ட் உதவித்தொகையில் பட்டதாரிகளுக்கான பிரிவுக்கு வயது 35-க்குள் இருக்க வேண்டும். தேனாம்பேட்டை செனடாஃப் ரோடு பக்கம் இருக்கும் ஜப்பான் துணைத் தூதரகத்தில் விவரம் கேளுங்கள். மாணவர் விசாவில் அனுமதி வாங்கிக்கொண்டு வாரத்துக்கு 28 மணி நேரம் பகுதிநேர வேலை செய்யலாம். தேர்டாகச் சில நாள் நின்று பார்க்க அது உதவும்.

இரண்டாவது வாசல், ஜப்பானுக்குப் போய் எடுக்கும் நம்ம யூனிட்கள். 1970-இல் ஒசாக்கா எக்ஸ்போவில் ‘உலகம் சுற்றும் வாலிபன்’ எடுத்த நாளிலிருந்து இது நடக்கிறது. அப்படிப் போகும்போது உள்ளூர் உதவியாளர்களோடு வேலை செய்ய நேரும். அவர்கள் கேஸ் அடுக்கும் விதத்தைப் பார்த்தாலே பாதிப் பாடம். மூன்றாவது, ஒரு இயக்குநர் உங்களைத்தான் வேண்டும் என்று கூட்டிப்போவது. தைவான்காரரான மார்க் லீ பிங்-பின் 2009-இலும் 2010-இலும் வெளியான ஜப்பானியப் படங்களுக்கு ஒளிப்பதிவு செய்தார். தோக்கியோவில் ஜப்பானிய மொழியில் எடுக்கப்பட்டு 2023-இல் வெளியான ‘பெர்ஃபெக்ட் டேஸ்’ படத்துக்கு ஃபிரான்ஸ் லுஸ்டிக் வந்தார், இயக்குநர் விம் வெண்டர்ஸ் கூட்டிவந்தார். இந்த வாசல் தட்டினால் திறப்பதல்ல.

சாலிகிராமம், ஒளிப்பதிவாளர்: ஒரு பாடலுக்காக தோக்கியோவிலும் ஒசாக்காவிலும் டெஸ்ட் எடுத்தோம். ஷட்டர் கோணத்தை இங்கே வைப்பதுபோல் 172.8 டிகிரியில்தான் வைத்தோம். தோக்கியோ சுத்தமாக வந்தது. ஒசாக்காவில் கடைக்குள் எடுத்த ஷாட்டில் மங்கலான பட்டைகள் மெதுவாக நகர்கின்றன. கேமரா கோளாறா?

கேமரா நன்றாகத்தான் இருக்கிறது, கோளாறு ஊரில். ஒரே நாட்டுக்குள் இரண்டு மின் அதிர்வெண். தோக்கியோ உள்பட கிழக்கில் 50 ஹெர்ட்ஸ், ஒசாக்கா, கியோத்தோ உள்பட மேற்கில் 60 ஹெர்ட்ஸ். 1890-களில் தோக்கியோ ஜெர்மனியிலிருந்தும் ஒசாக்கா அமெரிக்காவிலிருந்தும் ஜெனரேட்டர் வாங்கின, அது அப்படியே நிலைத்துவிட்டது. எல்லை தோராயமாக ஷிசுவோக்காவின் ஃபுஜி ஆறும் நீகாத்தாவின் இத்தொய்காவா நகரும்.

50 ஹெர்ட்ஸில் பழைய டியூப் லைட்டோ மலிவான எல்.இ.டி.யோ நொடிக்கு 100 தடவை மினுக்கும். நொடிக்கு 24 ஃபிரேமில் 172.8 டிகிரி என்றால் ஷட்டர் திறந்திருப்பது 1/50 நொடி. அதற்குள் சரியாக இரண்டு மினுக்கு அடங்கும், எல்லா ஃபிரேமுக்கும் ஒரே அளவு ஒளி. சென்னையும் தோக்கியோவும் இதில் ஒன்று. 60 ஹெர்ட்ஸில் நொடிக்கு 120 மினுக்கு, 1/50-க்குள் 2.4 மினுக்கு விழும். அந்த மிச்சம்தான் பட்டை. கேமரா 23.976-இல் ஓடினால் பட்டை ஓரிடத்தில் நிற்காமல் மெல்ல ஊர்ந்துகொண்டே இருக்கும். நீங்கள் பார்த்தது அதுவாகத்தான் இருக்கும்.

ஒசாக்காவில் ஷட்டரை 144 டிகிரிக்கு மாற்றுங்கள். அது 1/60 நொடி, இரண்டு மினுக்கு முழுசாக அடங்கும். ஒளி கால் ஸ்டாப்புக்குச் சற்றே அதிகமாகக் குறையும், அவ்வளவுதான். ஸ்லோ மோஷனை தோக்கியோவில் 50 ஃபிரேமிலும் ஒசாக்காவில் 60 ஃபிரேமிலும் எடுத்தால் தலைவலி இல்லை. 48 ஃபிரேமில்தான் வேண்டும் என்றால் தோக்கியோவில் 172.8, ஒசாக்காவில் 144. வேகம் இரட்டிப்பாவதால் இவை 1/100, 1/120 நொடியாகும், ஆளுக்கொரு மினுக்கு அடங்கும்.

நியான் மாதிரித் தெரியும் விளம்பரப் பலகைகளும் பெரிய எல்.இ.டி. திரைகளும் இந்தக் கணக்குக்கு அடங்காது. அவை தங்கள் இஷ்டத்துக்கு மினுக்கும். மானிட்டரைப் பார்த்துக்கொண்டே ஷட்டரைக் கொஞ்சம் கொஞ்சமாக நகர்த்திப் பட்டை மறையும் இடத்தைக் கண்டுபிடியுங்கள். மானிட்டர் சின்னதாக இருந்தால் பட்டை தெரியாது. ஒரு கிளிப்பை எடுத்துப் பெரிய திரையில் போட்டுப் பார்த்துவிட்டு அடுத்த ஷாட்டுக்குப் போங்கள்.

சாலிகிராமத்திலிருந்தே இன்னொருவர்: இங்குள்ள லைட்டுகளை அப்படியே கொண்டுபோகலாமா?

அங்கே வீட்டு மின்சாரம் 100 வோல்ட், இரண்டு தட்டைப் பின் பிளக். அடாப்டரில் ‘100–240’ என்று அச்சடித்திருக்கும் எல்.இ.டி. என்றால் பிளக் மாற்றி மட்டும் போதும். 230 வோல்ட் டங்ஸ்டன் பல்பைச் செருகினால் எரியும், ஆனால் பிரகாசம் பத்தில் ஒரு பங்குகூட வராது, நிறமும் 3200 கெல்வினிலிருந்து 2300 பக்கம் இறங்கிச் செவ்வாழை நிறத்துக்கு வந்துவிடும். பெரிய எச்.எம்.ஐ. லைட்டுக்கு மின்சாரம் தரும் பெட்டியான பலாஸ்ட் 230-க்கு மட்டும் என்றால் எரியவே எரியாது.

வோல்டேஜைவிட வாட்தான் கழுத்தைப் பிடிக்கும். சுவர் பிளக் ஒன்றில் 15 ஆம்பியர், அதாவது 1500 வாட். நம்ம ஊர் பவர் பிளக்கில் வருவதில் பாதிகூட இல்லை. தோக்கியோ வீடுகளில் மொத்த இணைப்பே 30 அல்லது 40 ஆம்பியராக இருப்பது சகஜம். லொகேஷன் பார்க்கப் போகும்போதே மெயின் போர்டில் அந்த எண்ணைப் பாருங்கள். 30 என்றால் வீடு முழுவதற்கும் சேர்த்து 3000 வாட். நீங்கள் 2500 வாட் போட்டிருக்கும்போது வீட்டுக்காரம்மா மைக்ரோவேவை ஆன் செய்தால் டேக் நடுவில் எல்லாம் இருட்டு. அடுப்படியில் என்னென்ன ஓடுகிறது என்று கேட்டு அந்த சர்க்யூட்டை விட்டுவிடுங்கள். பெரிய லைட் வேண்டுமானால் ஜெனரேட்டர் வண்டி. கனமான லைட்டுகளை இங்கிருந்து சுமக்க வேண்டாம், அங்கேயே வாடகைக்கு எடுங்கள்.

கே.கே. நகர் வாசகி: உதவி ஒளிப்பதிவாளராக இருக்கிறேன். பாய் விரித்த ஜப்பானிய வீட்டு அறையில் எடுக்க நேர்ந்தால் என்னென்ன கவனிக்க வேண்டும்?

‘ஆறு பாய் அறை’ என்பது ஏறக்குறைய 2.7 மீட்டருக்கு 3.6 மீட்டர். நம்ம அபார்ட்மெண்ட் சின்ன பெட்ரூம் அளவு. டிரைபாடும் ஆபரேட்டரும் சுவரோடு ஒட்டி நின்றாலும் லென்ஸுக்கு முன்னால் 2.9 மீட்டர் மிஞ்சினால் பெரிது. சினிமா கேமராக்களில் வழக்கமான சூப்பர் 35 அளவு சென்சாரில் 25 மி.மீ. லென்ஸ் அந்தத் தூரத்தில் கிட்டத்தட்ட 2.9 மீட்டர் அகலத்தைக் காட்டும், 32 மி.மீ. சுமார் 2.3 மீட்டர், 50 மி.மீ. ஒன்றரை மீட்டருக்குள். வைடுக்கு ஆசைப்பட்டு 16 போட்டால் பாயின் கோடுகளும் கதவுச் சட்டங்களும் ஓரத்தில் இழுபட்டு அறை கப்பல் மாதிரி ஆகிவிடும்.

அதற்கு வழி கதவில் இருக்கிறது. அறைகளுக்கு நடுவே இருக்கும் ‘ஃபுசுமா’ தள்ளுகதவுக்குக் கீல் கிடையாது, மேலும் கீழும் பள்ளத்தில் நிற்கும். இரண்டு பேர் பிடித்து நேராக மேலே தூக்கினால் கீழ் விளிம்பு பள்ளத்தைவிட்டு வெளியே வரும். அதை உங்கள் பக்கம் இழுத்து மெல்ல இறக்கினால் கதவு கையோடு வந்துவிடும். வீட்டுக்காரர் சம்மதித்த பிறகு கழற்றி, கேமராவை அடுத்த அறைக்குத் தள்ளினால் இன்னும் மூன்று மீட்டர் கிடைக்கும். கழற்றும் முன் ஒவ்வொரு கதவும் எந்தப் பள்ளத்திலிருந்து வந்தது என்று தடம் விடாத டேப்பில் எண் எழுதி மேல்விளிம்பில் ஒட்டுங்கள். பழைய வீட்டில் சட்டங்கள் கோணியிருக்கும். இடம் மாறினால் கதவு சிக்கும், நீங்கள் பேக்கப் ஆகிப் போகும் நேரத்தில் அரைமணி வீணாகும்.

பாயில் உட்கார்ந்திருப்பவரின் கண் தரையிலிருந்து 75, 80 செ.மீ. உயரத்தில்தான் இருக்கும். சாதாரண டிரைபாட் அவ்வளவு இறங்காது, பேபி லெக்ஸும் (குட்டைக் கால் டிரைபாட்) ஹை-ஹேட்டும் (தரையில் வைக்கும் கேமரா பீடம்) கட்டாயம். இயக்குநர் யசுஜிரோ ஓசுவும் அவரது ஒளிப்பதிவாளர் யூஹாரு அத்சுதாவும் கேமராவை அதற்கும் கீழே வைத்தார்கள், லென்ஸ் பெரும்பாலும் 50 மி.மீ. ஒன்றே. அவ்வளவு கீழிறங்கினால் கதவுக்கு மேலுள்ள குறுக்குச் சட்டமும் கூரையும் ஃபிரேமுக்குள் வந்துவிடும், மேலே லைட் தொங்கவிட இடமிருக்காது. காகிதம் ஒட்டிய ‘ஷோஜி’ கதவு வழியாக வெளியிலிருந்து ஒளி விடுவதே நல்லது. அந்தக் காகிதமே டிஃப்யூஷன், ஒளியை மென்மையாக்கும் திரை. லைட்டைக் காகிதத்துக்கு மிகப் பக்கத்தில் வைத்தால் நடுவில் வெள்ளை வட்டம் விழும். குறைந்தது ஒன்றரை, இரண்டு மீட்டர் தள்ளி வையுங்கள்.

செருப்பு வாசலோடு சரி. சுத்தமான சாக்ஸ் இரண்டு ஜோடி பையில் இருக்கட்டும், ஒன்று நனையும். யூனிட் உள்ளே வருவதற்கு முன்பே தரைக்கும் சுவர் மூலைகளுக்கும் பிளாஸ்டிக் அட்டை விரித்து ஒட்டிவிடுவார்கள், இதற்கு ‘யோஜோ’ என்று பெயர். அதற்கென்றே தடமில்லாமல் உரிக்க வரும் டேப் இருக்கிறது. நம்ம காஃபர் டேப்பைப் பாயில் ஒட்டினால் கோரையையும் பிய்த்துக்கொண்டு வரும். ஸ்டாண்ட் கால்களில் டென்னிஸ் பந்து மாட்டுங்கள். கதவுப் பள்ளம் ஓடும் வாசற்கட்டையை மிதிக்காதீர்கள், தாண்டிப் போங்கள். அங்கே அது மரியாதைக் குறைவு, கட்டை தேய்ந்தால் கதவும் ஓடாது.

மயிலாப்பூர் வாசகர்: டிசம்பரில் தோக்கியோவில் ஷூட்டிங். காலை 7 முதல் மாலை 6 வரை பகல் காட்சி திட்டமிடலாமா?

முடியாது. டிசம்பரில் அங்கே நாலரை மணிக்கே சூரியன் மறைந்துவிடும், காலையில் உதிப்பதும் ஆறே முக்கால் வாக்கில். நாலு மணிக்கு மேல் பகல் ஷாட்டை நம்பாதீர்கள்.

இதில் நல்லதும் உண்டு. சென்னையில் டிசம்பர் நண்பகல் சூரியன் 53 டிகிரி உயரத்தில் நின்று கண்குழியில் நிழல் போடும். தோக்கியோவில் அதே நாளில் உச்சியே 31 டிகிரிதான். நம்ம ஊரில் அன்று காலை ஒன்பது மணிக்குக் கிடைக்கும் சாய்ந்த ஒளி அங்கே நண்பகலிலும் கிடைக்கும், கூரைத் துணி கட்ட வேண்டிய வேலையே இல்லை. கெட்டது என்னவென்றால் உயரமான கட்டடங்களுக்கு நடுவே கிழக்கு மேற்காக ஓடும் தெருக்களில் நாள் முழுக்க வெயிலே விழாது. லொகேஷன் பார்க்கும்போது திசைகாட்டியோடு போங்கள். ஜூனில் கதை தலைகீழ். நாலரைக்கே விடியும், ஆனால் அது மழைக்காலம்.

அம்பத்தூர், கருவி வாடகைக் கடை: கேமராவைக் கொண்டுபோய்த் திரும்பக் கொண்டுவர கஸ்டம்ஸில் என்ன செய்ய வேண்டும்?

ஏ.டி.ஏ. கார்னே எடுங்கள், பொருளைத் தற்காலிகமாக வரியில்லாமல் கொண்டுபோய்த் திரும்பக் கொண்டுவரும் சுங்க ஆவணம் அது. இந்தியாவில் வணிகர், தொழிலதிபர் கூட்டமைப்பான ஃபிக்கி தருகிறது, ஜப்பானும் ஏற்கிறது, ஓராண்டுக்குள் பொருள் திரும்ப வேண்டும். ஒவ்வொரு பொருளுக்கும் சீரியல் எண், எடை, மதிப்பு, எந்த நாட்டுத் தயாரிப்பு என்று எழுத வேண்டும். கேமரா பாடியில் ஒரு எண், பட்டியலில் வேறு எண் என்று ஓரிலக்கம் தவறினாலும் கவுண்டரில் நிற்க வேண்டியதுதான். பட்டியலைப் பழைய பில்லைப் பார்த்து எழுதாதீர்கள், பொருளைக் கையில் வைத்துக்கொண்டு எழுதுங்கள். டேப், லைட்டுக்கு முன்னால் மாட்டும் நிறத் தாளான ஜெல் போன்று தீர்ந்துபோகும் பொருள்களைச் சேர்க்காதீர்கள், திரும்பி வராததற்கு வரி கேட்பார்கள். சென்னையில் கிளம்பும்போதே முத்திரை வாங்க வேண்டும். அவசரத்தில் அதை விட்டுவிட்டுத் திரும்பி வரும்போது மாட்டிக்கொள்பவர்களே அதிகம்.

லித்தியம் பேட்டரி உதிரிகள் கைப்பையில்தான் வர வேண்டும். 100 வாட்-அவருக்குள் இருந்தால் சிக்கலில்லை. 100 முதல் 160 வரை விமான நிறுவன அனுமதியோடு ஆளுக்கு இரண்டு. பெரிய செங்கல் பேட்டரிகளை அங்கேயே வாடகைக்கு எடுங்கள்.

பலர் மறப்பது வயர்லெஸ். வாக்கி-டாக்கி, வயர்லெஸ் வீடியோ, ரிமோட் ஃபோகஸ் எதுவானாலும் ஜப்பானின் வயர்லெஸ் கருவிச் சான்றான ‘கிதேகி’ முத்திரை இருக்க வேண்டும். அது இல்லாமல் இங்கே வாங்கிய வாக்கி-டாக்கியை அங்கே ஆன் செய்வதே சட்டமீறல். டிரோன் 100 கிராமுக்கு மேலிருந்தால் 2022 ஜூனிலிருந்து பதிவு கட்டாயம், நெரிசலான பகுதிக்கு மேல் பறக்கத் தனி அனுமதி வேண்டும். தெருவில் டிரைபாட் விரித்து வழியை மறிப்பதானால் அந்தப் பகுதிக் காவல் நிலையத்தில் சாலைப் பயன்பாட்டு அனுமதி. இதெல்லாம் உள்ளூர் லைன் புரொடியூசர் வேலை. அவர் வாங்கிவிட்டாரா என்று கேட்டுக் காகிதத்தைக் கண்ணால் பார்ப்பது உங்கள் வேலை.

வடபழனி, வி.எஃப்.எக்ஸ். கம்பாசிட்டர்: அனிமே தொடர்களின் டைட்டிலில் ‘ஒளிப்பதிவு இயக்குநர்’ என்று வருகிறதே, வரைந்த படத்துக்கு எதற்குக் கேமரா?

உங்கள் வேலையைத்தான் அங்கே அந்தப் பெயரில் அழைக்கிறார்கள். முன்பு செல்லுலாயிட் தாளில் வரைந்ததை அடுக்கி, மேலே தொங்கும் கேமராவில் ஒவ்வொரு ஃபிரேமாக எடுத்தார்கள். அது ‘சத்சுயேய்’. டிஜிட்டலுக்கு மாறிய பிறகும் பெயர் போகவில்லை. இப்போது கதாபாத்திர அடுக்கு, பின்னணி, முன்னால் வரும் மரம் தூண் எல்லாவற்றையும் கம்பாசிட்டிங் மென்பொருளில் சேர்த்து, கேமரா அசைவு, ஃபோகஸ் மங்கல், ஜன்னல் ஒளிக்கதிர் எல்லாம் போடுவது இவர்கள். ஒளிக்கு இன்றும் பழைய பெயர்தான். தாளில் துளையிட்டு அடியிலிருந்து விளக்கு போட்ட காலத்து ‘தோக்காகோ’, ஊடுருவும் ஒளி.

உங்களுக்குப் புதிதாக இருப்பது டைம் ஷீட். ஒரு தாளில் வழக்கமாக 144 வரி, 24 ஃபிரேம் கணக்கில் 6 நொடி. ஏ, பி, சி என்று அடுக்குகளுக்குத் தனித்தனி நெடுவரிசை, ஓரத்தில் கேமராவுக்கான குறிப்பு. மூன்று ஃபிரேமுக்கு ஒரு படம் என்றால் நொடிக்கு எட்டுப் படம்தான். நம் ஆட்கள் செய்யும் முதல் தவறு அந்த எட்டை மென்மையாக்க நடுவில் ஃபிரேம் நுழைப்பது. செய்யவே கூடாது, அந்தத் தாவல்தான் அனிமேட்டரின் நடிப்பு. இரண்டாவது தவறு, பின்னணி ஒவ்வொரு ஃபிரேமும் நகர, மேலே நடக்கும் ஆள் மூன்றுக்கு ஒன்றாக நகர்ந்தால் கால் தரையில் வழுக்கும். ஷீட்டில் குறித்த அளவுக்கு அடுக்கையும் நகர்த்த வேண்டும். ஒரே ஒரு ஃபிரேமில் சட்டை நிறம் மாறிப் பளிச்சென்று அடிப்பதற்கு ‘பக்கா’ என்று பெயர். கேட்க நம்ம பக்கா மாதிரி இருக்கும், பொருள் நேரெதிர். திருத்தி மறுபடி அனுப்பச் சொல்வார்கள்.

வரிசையில் கடைசி மேசை இவர்களுடையது. முன்னால் யார் தாமதித்தாலும் இரவு கண்விழிப்பது இங்கேதான்.

திருவல்லிக்கேணி வாசகர்: அகிரா குரோசாவா படத்தில் மழையில் மை கலந்தார்களாமே, உண்மையா?

உண்மை. 1950-இல் வெளியான ‘ராஷோமோன்’ படத்தின் பெரிய வாசல் காட்சியில் வெளிறிய வானத்துக்கு எதிரே தண்ணீர் தெரியாததால் கறுப்பு மை கலந்தார்கள். ஒளிப்பதிவு கஸுவோ மியாகாவா. காட்டுக்குள் வெயிலைத் திருப்ப அவர் கண்ணாடிகளைப் பயன்படுத்தியதும் அதே படத்தில்தான்.

கலரில் மை வேண்டாம். மழைக்குப் பின்னாலிருந்து, கொஞ்சம் பக்கவாட்டில் லைட் வையுங்கள், பின்னணி இருட்டாக இருக்கட்டும். 180 டிகிரி ஷட்டரில் துளி கோடாக விழும், 90-இல் குச்சியாகக் குறுகும், 45-இல் முத்து முத்தாகச் சிதறும். நம்ம ஊர் பழைய யோசனைப்படி தண்ணீரில் பால் கலந்தால் தெரியத்தான் செய்யும். ஆனால் இரண்டாம் நாள் செட்டுக்குள் மூக்கை மூடாமல் நுழைய முடியாது.

பெயர் வேண்டாம் என்று ஒருவர்: நேரமும் சம்பளமும் எப்படி?

2023 ஏப்ரலில் அங்கே திரைப்படத் தயாரிப்புக்கான நெறிமுறைச் சான்றிதழ் முறை தொடங்கியது. அதன்படி தயார் செய்வது, அடுக்கி வைப்பது எல்லாம் சேர்த்து ஒரு நாள் வேலை 13 மணி நேரத்துக்குள். சான்றிதழ் கேட்காத தயாரிப்புகளும் உண்டு, அங்கே தெப்பென்னைத் தாண்டும். 2024 நவம்பர் 1 முதல் தனியாள் தொழிலாளர்களுக்கான சட்டம் அமலில் இருக்கிறது. நிபந்தனைகளை எழுத்தில் தர வேண்டும், வேலையை ஒப்படைத்த 60 நாளுக்குள் பணம் தர வேண்டும். தினப்படி பேட்டாவைச் சாயந்திரம் கையில் வாங்கிப் பழகியவர்கள் இரண்டு மாதச் செலவுக்குப் பணத்தோடு போக வேண்டும். அங்கே குடியிருக்காதவருக்குத் தரும் கூலியில் பொதுவாக 20.42 சதவீத வரி பிடிப்பார்கள். பிடித்ததற்கான சான்றை வாங்கி வைத்தால் இங்கே உங்கள் ஆடிட்டர் கணக்குப் பார்ப்பார்.

நங்கநல்லூர் வாசகர்: சுத்த சைவம் நான். யூனிட் சாப்பாட்டில் தாக்குப்பிடிக்க முடியுமா?

பெட்டிச் சாப்பாடுதான் வரும், ‘ரொக்கே-பென்’. பெரும்பாலும் ஆறிப்போய் இருக்கும். காய்கறி மட்டும் தெரிந்தாலும் வேகவைத்த தண்ணீரில் மீன் சாறு இருக்கும். “மீன், இறைச்சி வேண்டாம்” என்று சொன்னால் அவர்கள் கண்ணுக்குத் தெரியும் மீனை மட்டும் எடுத்துவிடுவார்கள், ஆகவே “சாறும் வேண்டாம்” என்று முதல் நாளே தயாரிப்பு இலாகாவிடம் எழுதிக் கொடுங்கள். உப்பு ஊறுகாய்ப் பழம் வைத்த சோற்று உருண்டை எந்தக் கடையிலும் கிடைக்கும், வெறும் உப்பு உருண்டையும் உண்டு. ஆவக்காய் பாட்டிலைத் தாராளமாகக் கொண்டுபோங்கள், ஆனால் லொகேஷன் வீட்டுக்குள் திறக்காதீர்கள். பாயில் ஒரு சொட்டு எண்ணெய் விழுந்தால் பாயையே மாற்றித் தர வேண்டியிருக்கும்.